மதிலைத் தாண்டி வந்த ஓசைகள்

1976-ஆம் ஆண்டு சென்னை மத்திய சிறையில் என் கண்ணுக்குக் கிடைத்தவை சொற்பம்: ஒரு கம்பிக் கதவு, எதிரே ஒரு சுவர், சுவருக்கு மேல் ஒரு துண்டு வானம். காதுக்குக் கிடைத்ததோ ஒரு நகரம். ஐம்பது ஆண்டுகளில் அந்தச் சுவரின் நிறம் மறந்துவிட்டது. மஞ்சள் பூச்சா, வெறும் சுண்ணாம்பா என்று கேட்டால் எனக்குத் தெரியாது. ஆனால் எங்கள் பிளாக்குக்கு வந்துபோன வார்டர்களின் பூட்ஸ் சத்தத்தை இன்று கேட்டாலும் யார் எவர் என்று சொல்லிவிடுவேன். ஒருவர் குதிகாலை அழுத்தி வைப்பார். இன்னொருவர் வலது காலைச் சற்று இழுப்பார். முகங்கள் போய்விட்டன, நடைகள் நிற்கின்றன.

நெருக்கடி நிலை 1975 ஜூன் 25 இரவு அறிவிக்கப்பட்டது. தமிழ்நாட்டில் அதன் கெடுபிடி முழுதாக இறங்கியது அடுத்த ஆண்டு ஜனவரி 31-இல், மாநில ஆட்சி கலைக்கப்பட்ட பிறகுதான். அதற்குச் சில மாதங்கள் கழித்து, தொழிற்சங்கத்துக்குத் துண்டறிக்கை எழுதிய இளைஞன் என்ற முறையில் நானும் மிசா என்ற தடுப்புக் காவல் சட்டத்தில் உள்ளே போனேன். 1971-இல் வந்த அந்தச் சட்டத்தின்கீழ் அடைபட்டவருக்குக் குற்றப்பத்திரிகை இல்லை, விசாரணை இல்லை, விடுதலைத் தேதியும் இல்லை. ஆட்கொணர்வு மனு போட்டு வெளியே வரலாம் என்றிருந்த நம்பிக்கையும் 1976 ஏப்ரல் 28-இல் ஜபல்பூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு இடமில்லை என்று பெரும்பான்மைத் தீர்ப்பு சொன்னதோடு போயிற்று. தண்டனைக் கைதிக்கு எண்ணிக் கழிக்க நாள்கள் உண்டு. எங்களுக்கு எண்ணுவதற்கு எதுவும் இல்லை. அப்படிப்பட்டவன் கையிலிருந்து முதலில் நழுவுவது நேரம். அதை எனக்குத் திரும்பப் பிடித்துக் கொடுத்தது காது.

சிறை இருந்த இடம் அப்படி. 1837-இல் எழுந்த கட்டடம், கூவத்தை ஒட்டி, பொது மருத்துவமனைக்கு அருகில். பக்கத்திலேயே பார்க் ஸ்டேஷன். பூந்தமல்லி நெடுஞ்சாலைக்கு அந்தப்புறம் சென்ட்ரல் நிலையம், மூர் மார்க்கெட், ரிப்பன் மாளிகை. சென்ட்ரல் கோபுரக் கடிகாரம் கால் மணிக்கு ஒருமுறை ஒலிக்கும். ரிப்பன் மாளிகைக் கடிகாரமும் அப்படியே. சிறைக்குள் பாராக்காரர் மணிக்கொரு தரம் அடிக்கும் மணி தனி. பகலில் பேருந்து இரைச்சலில் வெளி மணிகள் அமுங்கிக் கிடக்கும். மாலை ஆறு மணி வாக்கில் லாக்கப் ஆகி, சாலை மெல்ல அடங்கும்போது ஒவ்வொன்றாக மேலே வரும். மூன்றும் ஒரே நொடியில் ஒலித்ததாக எனக்கு நினைவில்லை. ஒன்று பத்து அடித்து ஓயும்போது மற்றொன்று தொடங்கும். காற்று எங்கள் பக்கம் திரும்பினால் ரிப்பன் மணி தெளிவாக விழும். ஐப்பசி மழை பிடித்துக்கொண்டால் இரண்டும் காணாமல் போய், உள்ளே அடிக்கும் மணி மட்டும் மிஞ்சும். அந்த இரவுகள்தான் மிக நீளமானவை. சிறையின் மணி சிறையின் நேரத்தைத்தான் சொல்லும். மற்ற இரண்டும் ஊருக்கெல்லாம் பொதுவானவை. அவற்றைக் கேட்டுக்கொண்டிருந்தவரை, பயணச்சீட்டு வாங்க வரிசையில் நிற்கிறவர்களோடு நானும் ஒரே நேரத்தில் இருக்கிறேன் என்ற எண்ணம் நிலைத்தது.

மணிகளைவிட என்னோடு நெருங்கியது ரயில். கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே 1931 முதல் ஓடிய மீட்டர் கேஜ் மின்சார ரயில் பார்க் ஸ்டேஷனில் நின்றுதான் போகும். எங்கள் வீடு பல்லாவரத்தில், தண்டவாளத்துக்கு நாலு வீடு தள்ளி. பிறந்ததிலிருந்து கேட்ட சத்தம் அது. வண்டி புறப்படும்போது மோட்டார் அடித்தொண்டையில் முனகும். வேகம் கூடக்கூடச் சுருதி ஏறும். ஒரு கட்டத்தில் அது நின்று, சக்கரத்தின் தாளம் மட்டும் கேட்கும். வீட்டில் இருந்தவரை இதையெல்லாம் நான் பிரித்துக் கேட்டதே இல்லை. சிறையில் ஒவ்வொன்றும் தனித்தனியாகத் தெரிந்தது.

சத்தம் எழும்பூர்ப் பக்கம் தேய்ந்த பிறகும் நான் அதை விடமாட்டேன். சேத்துப்பட்டு, நுங்கம்பாக்கம், கோடம்பாக்கம், மாம்பலம், சைதாப்பேட்டை, கிண்டி, பரங்கிமலை, மீனம்பாக்கம் என்று மனத்துக்குள் நிறுத்தி நிறுத்திக் கூடவே போவேன். சென்ட்ரல் மணி இரண்டு கால் அடித்துச் சற்று நேரம் போனால் வண்டி பல்லாவரத்தில் இருக்கும். அப்பா தோல் ஆலை வேலை முடிந்து வந்து திண்ணையில் உட்கார்ந்திருப்பார். என் காதிலிருந்து போன அதே சத்தம் இப்போது அவர் காதில் விழுகிறது. இதை நான் கற்பனை என்று நினைக்கவில்லை. கணக்குப் போட்டுச் சரிபார்க்கக்கூடிய உண்மையாகவே நினைத்தேன்.

ஒருமுறை மனு பார்க்க அம்மா வந்தாள். சிறையில் உறவினர் வந்து சந்திப்பதற்கு அதுதான் பேச்சுவழக்கு. 'உனக்கு மனு வந்திருக்கு' என்பார்கள். மிசாக் கைதிகளை ஓர் அறையில் உட்காரவைத்து, அதிகாரி ஒருவர் கேட்டுக்கொண்டிருக்கப் பேசவிடுவார்கள். கேட்க ஆள் இருக்கிறது என்றதும் அம்மா குரலைத் தாழ்த்திக்கொண்டாள். ஆயுளில் அவள் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை. தெருமுனையில் இருப்பவரையும் வாசலிலிருந்தே கூப்பிடுகிற குரல் அவளுடையது. மாட்டுக்குத் தவிடு விலை ஏறியதைச் சொன்னாள், தங்கையைப் பெண் பார்க்க வந்ததைச் சொன்னாள். எழுந்திருக்கும்போது, "கடைசி வண்டி போனப்புறந்தான்பா எனக்குக் கண்ணு அசருது" என்றாள்.

அன்றிலிருந்து கடைசி வண்டி எனக்குக் கட்டாயமாயிற்று. அது பார்க் ஸ்டேஷனை விட்டுக் கிளம்பி, மனக்கணக்கில் பல்லாவரத்தைத் தாண்டிய பிறகே படுப்பேன். அம்மா தூங்கிவிட்டாள் என்று தெரிந்தபின் எனக்கும் தூக்கம் வரும்.

சாதாரணக் கைதிகளுக்கான மனு வேறு மாதிரி. கம்பி வலைக்கு இந்தப்புறம் ஒரு கூட்டம், அந்தப்புறம் ஒரு கூட்டம், எல்லாரும் ஒரே நேரத்தில் கத்த வேண்டும். வக்கீல் என்ன சொன்னார், குழந்தைக்குக் காய்ச்சல் விட்டதா, வாடகை கொடுத்தாயா என்று குரல்கள் ஒன்றின்மேல் ஒன்று ஏறி, யாருடையதும் யாருக்கும் போய்ச்சேராது. கடந்துபோகும்போது அதைக் கேட்டிருக்கிறேன். தொண்டை கட்டித் திரும்பிய ஒருவர், "பாத்துட்டேன், அது போதும்" என்று சொல்லிக்கொண்டே போனார். அவர் முகத்தில் போதாமை அப்பட்டமாகத் தெரிந்தது. பார்ப்பது மட்டும் போதும் என்றால் புகைப்படம் போதுமே. மனைவி பெயர் சொல்லிக் கூப்பிடுவதைக் கேட்கத்தான் அவர் மாதம் முழுக்கக் காத்திருந்தார்.

வெளியிலிருந்து வந்த ஓசைகள் ஆளை விரித்தன. உள்ளேயே பிறந்த ஓசைகள் ஆளைச் சுருக்கின. சாவிக்கொத்து, இரும்புத் தாழ், கணக்கெடுக்கும்போது ஊதும் விசில். சாவிச் சத்தம் வேளையோடு வந்தால் சோறு, தண்ணீர், நடை. வேளை கெட்ட வேளையில் வந்தால் யாருக்கோ ஏதோ என்று பொருள். எனக்கு முன்பே, பிப்ரவரித் தொடக்கத்திலேயே கைதாகி வந்தவர்கள் எங்களோடு சிலர் இருந்தார்கள். அந்த நாள்களில் அங்கே மிசாக் கைதிகள் அடிக்கப்பட்டதை, 1977-இல் அமைந்த நீதிபதி மு. மு. இஸ்மாயில் ஆணையம் விசாரித்துப் பதிவு செய்திருக்கிறது. சென்னையின் முன்னாள் மேயர் சிட்டிபாபு அந்தச் சிறைவாசத்தின்போதே 1977 தொடக்கத்தில் உயிரிழந்தார். அடி விழுந்த அந்த இரவுகளில் நான் அங்கே இல்லை. நான் பார்த்தது அவை விட்டுச்சென்றதை. இரவு ஒன்பது மணிக்குமேல் எங்காவது ஒரு தாழ் நகர்ந்தால், பேசிக்கொண்டிருந்த அந்தப் பெரியவர்கள் பாதி வாக்கியத்தில் நின்றுவிடுவார்கள். காலடி எந்தப் பக்கம் திரும்புகிறது என்று தெரியும்வரை அடுத்த சொல் வராது. உடம்பில் பட்ட அடி ஆறியிருந்தது. அடிக்கு முன் கேட்ட சத்தம் ஆறவில்லை.

அந்தச் சத்தங்களுக்கு எதிராக நாங்களும் ஓசை செய்தோம். எங்கள் வரிசையில் தமிழாசிரியர் ஒருவர் இருந்தார். எல்லாருக்கும் அவர் புலவர் ஐயா. லாக்கப்புக்குப் பிறகு உரக்கப் பேசினால் வார்டர் காதில் விழும். சுவரில் தட்டிப் பேசலாம் என்று அவர்தான் வழி சொன்னார். தமிழில் இருநூற்று நாற்பத்தேழு எழுத்து ஆயிற்றே, விடியுமட்டும் தட்ட வேண்டியதுதான் என்றோம். அவர் சிரித்துவிட்டு, தொல்காப்பியர் காலத்திலேயே வழி பண்ணி வைத்திருக்கிறார்கள் என்றார். வல்லினம், மெல்லினம், இடையினம் மூன்று. ஒவ்வொன்றிலும் ஆறு எழுத்து. உயிர் பன்னிரண்டு. முதல் தட்டு எந்த இனம், அடுத்தது அதில் எத்தனையாவது, மூன்றாவது எந்த உயிர். இடையினம் என்பதற்கு மூன்று, அதில் நான்காவதான வகரத்துக்கு நான்கு, ஆகாரத்துக்கு இரண்டு: 'வா'. புள்ளி வைத்த எழுத்தானால் உயிருக்குப் பதில் நகத்தால் ஒரு கீறல். சொல்லின் முதலில் வரும் உயிருக்கு முன்கீறல்.

நான் முதன்முதலில் தட்டிய முழுச்சொல் 'நலம்'. பக்கத்து அறையிலிருந்து அதே சொல் திரும்பி வந்தது. பிறகு விலைவாசி, வீட்டுச் செய்தி, கேள்விப்பட்ட வதந்தி, மறந்துபோன ஒரு நூற்பா என்று எல்லாமும் சுவர் வழியே நடந்தது. வெகு காலம் கழித்து, ரஷ்யாவின் ஸ்லூசெல்பர்க் கோட்டையில் இருபது ஆண்டுகள் அடைபட்டிருந்த வேரா ஃபிக்னரும் அவர் தோழர்களும் இப்படித்தான் சுவரில் தட்டிப் பேசினார்கள் என்று படித்தேன். அவர்கள் தங்கள் எழுத்துகளைக் கட்டங்களில் அடுக்கிக்கொண்டார்கள். எங்கள் நெடுங்கணக்கு முன்பே கட்டமாக நின்றது.

அந்தமான் செல்லுலர் சிறையை வெள்ளையர் 1906-இல் கட்டி முடித்தபோது, நடுக் கோபுரத்திலிருந்து ஏழு சிறகுகளாகப் பிரித்து, ஒரு சிறகின் அறைகள் அடுத்த சிறகின் முதுகைப் பார்க்கும்படி அமைத்தார்கள். ஒரு கைதி இன்னொரு கைதியின் முகத்தைக் காணக்கூடாது என்பது அந்தக் கட்டடத்தின் நோக்கம். கண்ணைத் தடுக்கச் செங்கல் போதும். காதைத் தடுப்பது அவ்வளவு எளிதல்ல. எவ்வளவு தடித்த சுவரானாலும் அதற்கு இரண்டு பக்கம் உண்டு, இரண்டு பக்கமும் விரல் உண்டு.

சுவரில் தட்டும் ஓசை இரகசியமாக இருந்தது என்றால், சோற்றுத் தட்டின் ஓசை பகிரங்கமாக இருந்தது. ஒரு நடுநிசியில் கோடி அறையில் இருந்த முதியவருக்கு மூச்சு முட்டியது. அவரால் கூப்பிட முடியவில்லை. பக்கத்து அறைக்காரர் அலுமினியத் தட்டை எடுத்துக் கம்பியில் அடித்தார். அடுத்தவர் அடித்தார். கண்மூடித் திறப்பதற்குள் பிளாக் முழுவதும் இரும்பும் அலுமினியமும் மோதின. யாருக்கு என்ன என்று பாதிப் பேருக்குத் தெரியாது. அடிக்கிறார்கள் என்றால் காரணம் இருக்கும் என்று எல்லாரும் அடித்தோம். அடுத்த பிளாக்கும் சேர்ந்துகொண்டது. விளக்குகள் எரிந்தன, கதவு திறந்தது, முதியவரைப் பக்கத்து மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். சில நாளில் திரும்பி வந்து, "அந்தச் சத்தத்துலதான்யா எனக்கு மூச்சு வந்துச்சு" என்றார். பிற்காலத்தில் எத்தனையோ ஊர்வலங்களில் கோஷம் போட்டிருக்கிறேன். ஒற்றுமை என்று ஒரு பொருள் இருக்கிறது என்பதை என் எலும்பு அறிந்தது அந்த இரவில்தான்.

மருத்துவமனைப் பக்கமிருந்து சில விடிகாலைகளில் ஒப்பாரி வரும். யாரோ ஒரு தாய், யாரோ ஒரு மனைவி. சொற்கள் புரியாது, இழுப்பு மட்டும் மதிலைத் தாண்டி வரும். பல் துலக்கிக்கொண்டிருப்பவர்கள் நிறுத்திவிடுவார்கள். கட்சிச் சண்டையும் பீடிச் சண்டையும் அன்று காலை இருக்காது. வெளியே இருந்திருந்தால், முகம் தெரியாத ஒருவரின் சாவுக்காக அத்தனை பேர் ஒன்றாக நின்றிருப்போமா என்று எனக்குத் தெரியவில்லை.

இன்னொரு குரலும் வரும். மூர் மார்க்கெட்டை அடுத்த பூங்காவில் அப்போது மிருகக்காட்சி சாலை இருந்தது. 1985-இல் வண்டலூர் வளாகம் திறக்கும் காலம்வரை சென்னையின் மிருகக்காட்சி சாலை அந்தப் பக்கம்தான். ஊர் எழுவதற்கு முந்திய இருட்டில் சிங்கம் குரல் கொடுக்கும். முதல் முறை கேட்டபோது நெஞ்சு அதிர்ந்தது. சிறு வயதில் அப்பா கையைப் பிடித்துக்கொண்டு அந்தக் கூண்டின்முன் நின்று, அது கத்தாதா என்று ஏங்கியவன் நான். அப்போது அது படுத்தே கிடந்தது. இப்போது விடாமல் கத்தியது. புலவர் ஐயா அன்று சுவரில் தட்டினார்: 'அதுவும் மிசா'. எந்தக் குற்றத்துக்காக, எத்தனை நாளைக்கு என்று அதற்கும் யாரும் சொல்லவில்லை.

பாட்டும் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை இரவுகளில், லாக்கப்புக்குப் பிறகு ஒருவர் பாடுவார். பஞ்சாலைத் தொழிலாளி, முறையாகப் படித்தவர் அல்ல. பழைய திரைப்பாட்டுகள்தான். நீண்ட வராந்தாவின் எதிரொலி அந்தச் சாதாரணக் குரலைத் தூக்கிப் பிடிக்கும். பாடி முடித்ததும் கைதட்டல் எழாது. வார்டர் வந்து நிறுத்திவிடக்கூடாதே என்று அத்தனை பேரும் அடக்கிக்கொள்வார்கள். செக்கோஸ்லோவாகியப் போராளி ஜூலியஸ் ஃபூசிக், பிராகின் பாங்கிராட்ஸ் சிறையில் நாஜிகள் தம்மை அடைத்துவைத்த 267-ஆம் அறையில் பாட்டு எப்படித் துணை நின்றது என்று ஒரு நூலில் எழுதியிருக்கிறார். தமிழில் வந்த அந்த நூலை எங்களில் சிலர் வெளியிலேயே படித்திருந்தோம். வீட்டில் படித்தபோது அது வீரக்கதையாகத் தெரிந்தது. உள்ளே அது வீரமாகத் தெரியவில்லை. மூச்சு விடுவது போல் வேண்டியிருந்தது. பாடும்போது அந்தப் பஞ்சாலைத் தொழிலாளி எண் அல்ல. கேட்கும்போது நாங்களும் எண்கள் அல்ல.

1977 ஜனவரி 18 இரவு தேர்தல் அறிவிப்பு வந்தது. வானொலியில் கேட்ட வார்டர் ஒருவர் கம்பியருகே வந்து, "எலெக்‌ஷனாம்" என்று ஒரே ஒரு சொல் சொல்லிவிட்டு நகர்ந்தார். அவர் குரலில் இருந்த மகிழ்ச்சியை என்னால் மறக்க முடியாது. அவரும் தினமும் அதே கதவுகளுக்குள் நின்றவர்தானே. சுவர்கள் தட்டின. பிறகு தட்டுகள் முழங்கின. அன்று யாரும் எங்களை நிறுத்தவில்லை.

விடுதலையாகி வீட்டுக்கு வந்த பிறகு நான் எதிர்பார்க்காத ஒன்று நடந்தது. தூக்கம் வரவில்லை. வீட்டுக் கதவு சத்தமில்லாமல் மூடியது. மூடியதா என்று எழுந்து போய்ப் பார்ப்பேன். காலையில் யாரும் கணக்கெடுக்க மாட்டார்கள் என்று தெரிந்தும், விடியற்காலை விசிலுக்காக உடம்பு விறைத்துக் காத்திருக்கும். தங்கை சமையற்கட்டில் தட்டைக் கீழே போட்டால் நான் எழுந்து நின்றுவிடுவேன். அம்மா அதைக் கவனித்து, கொஞ்ச நாளைக்குப் பாத்திரங்களைத் துணிமேல் வைத்தாள். கடைசி வண்டி போனதும் இருவரும் ஒரே வீட்டில், ஒரே நேரத்தில் படுத்தோம். அப்படித்தான் மெல்ல மெல்ல என் காது வீடு திரும்பியது.

கைதிகள் புழலுக்கு மாற்றப்பட்டு, பழைய சிறையை 2009-இல் இடிப்பதற்கு முன் மக்கள் பார்க்கத் திறந்துவிட்டார்கள். போனேன். குடும்பம் குடும்பமாக வந்திருந்தார்கள். நான் இருந்த வரிசையைக் கண்டுபிடித்து ஓர் அறைக்குள் நின்றபோது திகைத்தேன். இரண்டு கையையும் நீட்டினால் சுவர் தட்டுகிற அளவு இடம் அது. என் நினைவில் அந்த அறை இதைப்போல் பல மடங்கு பெரிதாக இருந்தது. வெளியே வந்து யோசித்தபோதுதான் விளங்கியது. நான் அந்த நான்கு சுவருக்குள் வாழவேயில்லை. என் அறையின் ஒரு சுவர் சென்ட்ரல் கோபுரத்தில் இருந்தது, ஒன்று மிருகக்காட்சி சாலையில், ஒன்று புலவர் ஐயாவின் விரலில், இன்னொன்று பல்லாவரத்தில். கண் அளந்த அறையில் அடைபட்டிருந்தால் நான் முழுதாகத் திரும்பியிருக்க மாட்டேன். காது அளந்த அறைதான் என்னைக் காப்பாற்றியது.

அதனால்தான் இன்றைய சிறைகளைப் பற்றி எழும் கேள்விகளில் இதையும் சேர்க்கச் சொல்கிறேன்: உள்ளே இருப்பவர் காதில் என்ன விழுகிறது? இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கினர் விசாரணைக் கைதிகள். குற்றம் மெய்ப்பிக்கப்படாதவர்கள், எப்போது வெளியே வருவோம் என்று தேதி தெரியாதவர்கள். எங்களைப் போலவே எண்ண எதுவும் இல்லாதவர்கள். புதிய சிறைகள் ஊருக்கு வெளியே தள்ளிப் போகின்றன. அங்கே கோபுர மணி இல்லை, வீட்டுக்குப் போகும் வண்டி இல்லை. தமிழ்நாட்டுச் சிறைகளில் இப்போது தொலைபேசியிலும் காணொலியிலும் வீட்டாரோடு பேச வழி செய்திருக்கிறார்கள். நல்ல காரியம். அதைச் சலுகை என்ற கணக்கில் வைத்து, சிறு தவறுக்கும் பிடுங்கிக்கொள்ளும் பொருளாக ஆக்கிவிடக்கூடாது. உணவு போல, மருந்து போல, அது ஒவ்வொரு கைதிக்கும் தடையில்லாமல் போய்ச்சேர வேண்டும். நல்லா இருக்கியா என்று வீட்டிலிருந்து ஒரு குரல் கேட்கிறவரை, உள்ளே இருப்பவர் ஒரு வீட்டைச் சேர்ந்தவராகவே இருக்கிறார். வீட்டைச் சேர்ந்தவராக இருக்கிறவர்தான் வீட்டுக்குத் திரும்ப முடியும்.